தாமதமும் தயையும்

காலங்கடந்து வந்தவனுக்கு நீதிமன்றம் கதவைத் திறக்கலாமா? திறப்பின், எக்காரணம் பற்றித் திறக்கலாம்? இது வக்கீல்களுக்கு மட்டும் உரிய கேள்வியன்று; நியாயத்தை விரும்பும் ஒவ்வொருவரும் சிந்திக்கவேண்டிய கேள்வியாகும்.

சிவில் வழக்கில் தோற்றவன், டிக்ரியை எதிர்த்து உயர்நீதிமன்றத்திற்கு 90 நாட்களுக்குள்ளும், ஏனைய அப்பீல் கோர்ட்டுகளுக்கு 30 நாட்களுக்குள்ளும் செல்லவேண்டும் என்பது 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம். தீர்ப்பின் நகலைப் பெறுவதற்குத் தேவைப்பட்ட நாட்கள் இக்கணக்கிற் சேரா. கெடு தவறினால், எதிர்க்கட்சிக்காரர் வாய் திறவாவிடினும், கோர்ட்டே அப்பீலைத் தள்ளவேண்டும். இங்ஙனம் இறுகச் சாத்திய கதவிலே, அச்சட்டத்தின் 5-ஆம் பிரிவு ஒரு சிறு திட்டிவாசலை வைத்திருக்கிறது. 'போதிய காரணம்' காட்டுவோரின் தாமதத்தைக் கோர்ட்டு மன்னிக்கலாம்.

"உண்மைக்கு நாட்கணக்கு உண்டோ? ஏழை தாமதித்தால் அவன் உரிமை அழிந்துபோமோ?" என்று கேட்பார் உளர். இவ்வாதத்தில் ஈரம் உண்டு. ஆயின், எதிரே நிற்பவரை இவர்கள் மறந்துவிட்டனர். வென்றவரும் ஏழையாக இருக்கலாம் அன்றோ? பல்லாண்டு வழக்காடித் தன் மனையைக் காத்துக்கொண்ட ஒரு கைம்பெண், கெடு முடிந்ததென நம்பிச் சுவர் எழுப்பத் தொடங்குகிறாள். தோற்றவனுக்குக் கோர்ட்டு காட்டும் தயை, அவளுடைய நிம்மதியிலிருந்து எடுத்துக் கொடுக்கப்படுவதாகும். தன் பொருளை ஈவது தானம். பிறர் பொருளை எடுத்து ஈவதற்கு முன் ஆராய்தல் வேண்டும். இவ்வாராய்ச்சிக்கே 'போதிய காரணம்' என்று பெயர்.

இந்நெறியின் இருபுறத்தையும் உச்ச நீதிமன்றம் 1961-ஆம் ஆண்டிலேயே ராம்லால் வழக்கில் எடுத்துக் காட்டியது. அங்கே தாமதம் ஒரே நாள். கெடுவின் கடைசி நாள்வரை காத்திருப்பது குற்றமன்று. அந்நாள் முதல் மனுச் செய்த நாள்வரை நேர்ந்த தாமதத்திற்கே விளக்கம் வேண்டும் என்றது. கெடு கடந்தபின் வென்றவருக்குப் பிறக்கும் உரிமையை எளிதிற் கலைத்தலாகாது என்றும் கூறியது.

அவ்வாறாயின், தாமதத்தை நாட்களால் மட்டும் அளக்கலாமா? ஒருதலைத் தீர்ப்பை நீக்கக் கோரிய ஒரு மனுவில், 1998-ஆம் ஆண்டு, 883 நாள் தாமதத்தை அந்நீதிமன்றம் மன்னித்தது. அது அப்பீல் அன்றெனினும் 5-ஆம் பிரிவின் அளவுகோல் ஒன்றே. நம்பிய வக்கீல் கைவிட்டமை அங்கே காரணம். ஆயினும், எதிர்க்கட்சிக்காரருக்கு 10,000 ரூபாய் செலுத்தவேண்டும் என்று விதித்தது. தயையின் விலையை அதனைப் பெறுவோன் தரவேண்டும் என்பதன்றோ இதன் பொருள்? 2012-ஆம் ஆண்டிலோ, தபால் இலாகாவின் 427 நாள் தாமதம் மன்னிக்கப்படவில்லை. கோப்பு மேசைக்கு மேசை நகர்ந்தது என்பது போதிய காரணமாகாது. அரசாங்கத்திற்கு ஒரு காலம், குடிமக்களுக்கு ஒரு காலம் என்பதில்லை. 2024-ஆம் ஆண்டில், நில ஆர்ஜித வழக்கொன்றில் 5,659 நாள் தாமதமும் தள்ளப்பட்டது.

ஆகவே, நாட்களின் தொகை மாத்திரம் தீர்மானிப்பதில்லை. நோயோ, வஞ்சனையோ, தன் வசமில்லாத பிற இடையூறோ தடுத்ததா? அன்றி, அக்கறையின்மையே தடுத்ததா? தடுக்கப்பட்டவனைப் புறந்தள்ளுவது கொடுமை. உறங்கியவனுக்காக விழித்திருந்தவரைத் தண்டிப்பதும் கொடுமையே. இரண்டையும் வேறுபிரித்து அறியாத இரக்கம், வாய்பேசாத ஒருவருக்கு இழைக்கும் அநீதியாக முடியும்.

சகோதரர்களே! தீர்ப்பு எதிராயின், நகலுக்கு அன்றே மனுக்கொடுங்கள். தாமதம் நேர்ந்துவிடின், அப்பீலோடு மன்னிப்பு மனுவையும் பிரமாணப் பத்திரத்தையும் சேர்த்திடுங்கள். நடந்ததை நடந்தபடியே நாள்வாரியாக அதில் எழுதுங்கள். புனைந்த காரணம் ஒன்று பொய்யெனப் புலப்படின், மெய்யான காரணமும் அதனோடு மடியும். கோர்ட்டு மன்னித்துவிட்டால், அம்மன்னிப்பிற்காக எதிரே ஒருவர் காத்திருக்க நேர்ந்தது என்பதை மறவாதிருங்கள்.