இரக்கம் நீதியாகுமா?

ஏழைக்கு இரங்குவது அறம், எவர் மறுப்பர்? ஆனால் இரக்கம் ஒன்றே நீதியாகிவிடுமா?

ஸ்பெயின் எழுத்தாளர் கால்டோஸ் 1895இல் படைத்த 'நசரீன்' புதினத்தை, அந்நாட்டில் பிறந்த லூயி புனுவெல் மெக்சிகோ மண்ணுக்கு மாற்றிப் படமாக்கினார், 1959இல் வெளிவந்தது. ஏசுவின் வழியே வாழ விழையும் பாதிரி, பாதை போடும் இடத்திலே, கூலி வேண்டாம், சோறே போதும் என உழைக்கிறார். தியாகமன்றோ என்பீர்! உடனுழைப்போரோ கொதிக்கின்றனர்: இவன் இலவசமாய் உழைத்தால் எங்கள் கூலி என்னாவது? பாதிரி அகல்கிறார். பூசல் மூள்கிறது, துப்பாக்கி வெடிக்கிறது. தூய உள்ளம் அவருடையது, துயரம் தொழிலாளருடையது!

புனுவெல் அவரை எள்ளி நகையாடவில்லை; அதுவே படத்தின் நேர்மை. இறுதியில், காவலில் நடத்திச் செல்லப்படும் அவருக்குப் பழக்காரி ஒருத்தி அன்னாசி நீட்டுகிறாள். முதலில் மறுக்கிறார், பிறகு வாங்கிக்கொண்டு, கலங்கிய முகத்தோடு நடக்கிறார்.