ஈசன் தந்த ஊன்றுகோல்!

கூடுவாஞ்சேரி, நந்திவரம் நந்தீஸ்வரர் ஆலயம். பிரதோஷ வேளை. தூண் ஓரமாக நின்றிருந்த ஓர் அம்மா கண்கலங்கினார்.

''பார்க்கின்சன்ஸ் வியாதிம்மா. மூளையில ஆபரேஷன் பண்ணியாச்சு. இன்னும் முழுசா குணமாகலை. சுவாமி கைவிட்டுட்டாரோன்னு, இன்னிக்கு விரதத்தோட மாத்திரையையும் நிறுத்திட்டேன்!''

பதறிப்போனேன். அவரிடம் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன் சகோதரிகளே!

பார்வை இழந்த சுந்தரர், திருவெண்பாக்கத்தில் ஈசனிடம் கண் கேட்டார். கிடைத்ததோ ஊன்றுகோல்! வருந்தினார், ஆனால், அங்கேயே அமர்ந்துவிடவில்லை. கோலை ஊன்றியே நடந்தார். காஞ்சியில் இடக்கண், திருவாரூரில் வலக்கண் பெற்றார்.

சுந்தரர் பார்வை இழந்தது சபதம் மீறியதால் என்பது புராணம். இந்த நோயோ எந்தப் பாவத்துக்கும் தண்டனை அல்ல. மூளையில் டோபமைன் சுரக்கும் செல்கள் குறைவதால் வருவது. 1987-ல் பிரான்ஸின் கிரெனோபிள் நகரில் டாக்டர் பெனாபித் குழுவினர் வழிகாட்டிய சிகிச்சையில், மூளைக்குள் மெல்லிய கம்பியும், மார்புத் தோலுக்கு அடியில் பேட்டரியும் வைக்கிறார்கள். நடுக்கமும் இறுக்கமும் குறையும். நோய் வேரோடு போகாது. பெரும்பாலோருக்கு மாத்திரையும் தொடரும். அதுவும் ஓர் ஊன்றுகோல்தானே!

விரத நாளிலும் மாத்திரையை விடாதீர்கள். திடீரென நிறுத்துவது உயிருக்கே ஆபத்தாகலாம். மருந்து உண்பதால் விரதம் கெடாது; பட்டினி இருக்கலாமா என்பதை டாக்டரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள். பெரிய கோயில்களின் மெட்டல் டிடெக்டர் வாசலில், கருவிக்கான அட்டையைக் காட்டி மாற்று வழி கேளுங்கள். நடக்கையில் கால் ஒட்டிக்கொண்டாற்போல் நின்றுவிட்டால், பதறாமல் தரையில் ஒரு கோடு இருப்பதாக எண்ணித் தாண்டுங்கள். அடிக்கு ஒரு முறை 'சிவ சிவ' என்று சொல்லி நடந்தால், அந்தத் தாளமே காலுக்குத் துணை.

விளக்கை மருமகள் ஏற்றட்டும். பூவை நீங்கள் போடுங்கள். நாலு பூ கீழே சிந்தினால் என்ன? அவையும் அவன் காலடியில்தான் விழுகின்றன!

வீட்டில் இருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை... இந்த நோயில் முகம் அசைவற்று இருக்கும், பேச்சு மெலியும். கோபம் என்று எண்ணாதீர்கள். பொறுமையாகக் கேளுங்கள். அவர்களுக்கு நீங்களும் ஓர் ஊன்றுகோல்!

அந்த அம்மா வீட்டுக்குப் போன் செய்து மாத்திரையைக் கொண்டுவரச் சொன்னார். பிறகு சந்நிதியை நோக்கிக் கைகூப்பினார். கைகள் நடுங்கின. நடுங்கினால் என்ன... கூப்பிய கைகள் அல்லவா!