அருளப்பனின் மகன்

எங்கள் பங்கின் திருமுழுக்குப் பதிவேட்டில் பழைய பக்கங்களெங்கும் சின்னப்பன், அருளப்பன், சூசை. புதிய பக்கங்களில் ஜான்சன், ஜாக்சன். நாமக்கல் சமவெளிச் சிற்றூர்களில் இதுவே இன்றைய நடப்பு. ஒலிக்காக மட்டும் தேர்ந்த பெயரைக் குரு மறுக்கலாமா?

நம் முன்னோர் சில பெயர்களில் ஒலியையன்று, பொருளையே தமிழுக்குக் கொணர்ந்தனர். பவுலுஸ் என்னும் இலத்தீன் சொல்லுக்குச் சிறியவர் என்பது பொருள்; ஆகவே சின்னப்பர். 'கடவுள் அருள்கூர்ந்தார்' என்னும் எபிரேயப் பெயர் அருளப்பர் ஆயிற்று. 1745-இல் திருமுழுக்குப் பெற்ற நீலகண்ட பிள்ளைக்கு இட்ட லாசர் என்னும் பெயரும் அவ்வாறே தேவசகாயம் என வழங்கியது.

ஜான்சனோ ஆங்கிலேயரின் குடும்பப் பெயர். ஜானின் மகன் என்பது பொருள். ஜாக் என்பது ஜானின் செல்லப்பெயர். எனவே ஜாக்சனும் ஏறத்தாழ அதுவே. சூசையின் பிள்ளை ஜான்சன் ஆவது வேடிக்கைதான்!

கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயரைத் தவிர்க்கவே 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டம் பணிக்கிறது. ஜான்சன் ஒவ்வாததன்று. எழுதிக்கொண்டேன். பேரனை ஏந்தி நின்ற பாட்டி, "அதுக்கு என்னங்க சாமி அர்த்தம்?" என்றார்.

"அருளப்பனின் மகன்."

அவர் முகம் மாறியது. மறைந்த கணவரின் பெயர். அதை அவர் வாயால் சொல்வதில்லை.

"அப்ப இது இவங்கப்பனுக்கு வெச்சிருக்கோணுமுங்க சாமி" என்றார்.