சக்தி அழியுமோ?

மலேசியாவின் லூமுட்டிலிருந்து படகேறிப் பங்கோர்த் தீவின் காளியம்மன் சந்நிதிக்கு மாசிமகத்தன்று செல்லும் அடியார் ஒருவர், கும்பத்தில் ஆவாகனம் செய்த சக்தி, நீரை அபிஷேகித்து முடித்தபின் எங்கே போகிறதென்று கேட்பாராயின், உள்ளது அழியாது, இல்லது தோன்றாது என்னும் சற்காரியவாதத்தைச் சாங்கியரைப் போலவே சைவ சித்தாந்தியும் எடுத்துரைப்பார். நூலில் இல்லாத ஆடை புதிதாகவே பிறக்கிறதென்று நையாயிகர் மறுப்பார்.

சக்தி அழியுமா என்ற கேள்வி விஞ்ஞானத்திலும் எழுந்தது: 1840இல் டச்சுக் கப்பலின் வைத்தியராக ஜாவாவுக்கு வந்த ஜூலியஸ் ராபர்ட் மேயர், மாலுமிகளின் சிரைக்குருதி வெப்பநாட்டில் மிகச் சிவந்திருக்கக் கண்டு, உஷ்ணமும் உழைப்பும் ஒன்று மற்றொன்றாக மாறுவனவேயன்றி அழிவன அல்ல என்று சிந்தித்து, 1842இல் கட்டுரை வெளியிட்டார். இக்கொள்கையை முதலில் கண்ட பெருமை அவருக்கா ஆங்கிலேய இயற்பியலாளர் ஜூலுக்கா என்ற வழக்கும் பின்னர் மூண்டது.

விஞ்ஞானம் நம் சித்தாந்தத்தை மெய்ப்பித்துவிட்டதென முழங்குவோரை நான் ஏற்கேன்: அளவைக்கு உட்படுவது ஜடசக்தி; அருட்சக்தியோ சிவத்தைப் பிரியாத சித்சக்தியாதலின், அதற்குக் கூடுதலுமில்லை, குறைதலுமில்லை.