மகனுக்குப் பல்கலைக்கழகம், கணவருக்கு ஆலயம்

கலிபோர்னியாவின் பாலோ ஆல்ட்டோ நகரை ஒட்டியுள்ள ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தின் நடுமுற்றத்தில் நினைவுத் தேவாலயம் நிற்கிறது. மாணவர்கள் அதைச் செல்லமாக ‘மெம்சூ’ என்பார்கள். இருபுறமும் பனை வரிசை நிற்க, ஒரு மைல் நீளத்துக்கு வரும் சாலை பார்வையை நேராக அதன் முகப்பில் கொண்டுபோய் நிறுத்தும். நூலகத்துக்கோ அலுவலகத்துக்கோ கிடைக்காத அந்த இடம் பல்கலைக்கழகத்தின் முதல் வரைபடத்திலேயே ஆலயத்துக்கென்று விடப்பட்டது. ஆனால் வகுப்புகள் தொடங்கிப் பல ஆண்டுகள் அது வெறும் மண்ணாகவே கிடந்தது.

இதற்கெல்லாம் ஆதி காரணம் புத்திர சோகம். லேலண்ட் ஸ்டான்ஃபோர்ட் ரயில் பாதை போட்டுப் பெருஞ்செல்வம் சேர்த்தவர். கலிபோர்னியாவின் ஆளுநராகவும் பின்னாளில் அமெரிக்க செனட் உறுப்பினராகவும் இருந்தவர். அவருக்கும் மனைவி ஜேனுக்கும் திருமணமாகி நெடுங்காலம் கழித்துப் பிறந்த ஒரே மகன் ஐரோப்பியப் பயணத்தில் டைபாய்டு கண்டு, 1884 மார்ச் 13 அன்று இத்தாலியின் ஃபிளாரன்ஸ் நகரில் இறந்தான். பதினாறு வயது நிறைய இரண்டு மாதம் இருந்தது. கலிபோர்னியாவின் பிள்ளைகளெல்லாம் இனி நம் பிள்ளைகள் என்று தகப்பன் சொன்னதாக ஒரு செய்தி வழங்கி வருகிறது. சொன்னாரோ இல்லையோ, அப்படியே செய்தார். மகன் பெயரில் தொடங்கிய பல்கலைக்கழகம் 1891 அக்டோபர் 1 அன்று திறந்தது. துக்கத்தின் தொடக்கத்தில் அவர்கள் ஆவிகளோடு பேசுவதாகச் சொல்லிக்கொண்டவர்களிடமும் போனதுண்டு. பிள்ளையைப் பறிகொடுத்தவர் எந்தக் கதவைத்தான் தட்டமாட்டார்? கடைசியில் அவர்கள் ஊன்றி நின்றது அந்த வழியில் அல்ல, கல்வியிலும் இறைநம்பிக்கையிலும்.

ஸ்டான்ஃபோர்ட் செல்வத்தின் மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். அந்த ரயில் பாதையை மலைகளைக் குடைந்து போட்டவர்கள் ஆயிரக்கணக்கான சீனத் தொழிலாளர்கள். ஆளுநராக இருந்தபோது அதே சீனர்களின் குடியேற்றத்துக்கு எதிராகப் பேசியவர் ஸ்டான்ஃபோர்ட். ஆலயம் எழுந்தது அவர்கள் நினைவாக அல்ல. அவர்கள் உழைப்பு மட்டும் அதன் அஸ்திவாரத்தில் இருக்கிறது.

1893 ஜூனில் லேலண்ட் ஸ்டான்ஃபோர்ட் காலமானார். அவ்வாண்டே நாடெங்கும் பணமுடை. ரயில் கடனைக் காட்டி மத்திய அரசு அவருடைய சொத்தின்மேல் 1.5 கோடி டாலர் கேட்டு வழக்குப் போட்டது. சொத்து முடங்கிய அந்த நாட்களில் ஜேன் அம்மையார் வேலையாட்களைக் குறைத்து, தம் வீட்டுச் செலவுக்கென்று நீதிமன்றம் அனுமதித்த பணத்திலிருந்து பேராசிரியர்களுக்குச் சம்பளம் கொடுத்துப் பல்கலைக்கழகத்தைக் காப்பாற்றினார். 1897-ல் தம் நகைகளை லண்டனுக்கு எடுத்துப்போய் விற்கப் பார்த்தும் நல்ல விலை கிடைக்கவில்லை. அதற்கு முந்திய ஆண்டே உச்ச நீதிமன்றம் ஸ்டான்ஃபோர்ட் பக்கம் தீர்ப்பளித்து வழக்கு முடிந்திருந்தது. கையில் பணம் புழங்கத் தொடங்கியதும் அவர் மனம் போனது ஆலயத்தின் பக்கம். மகன் நினைவுக்குப் பல்கலைக்கழகம் இருந்தது. கணவர் நினைவுக்கு ஒன்றும் இல்லை. தம் இதயம் பல்கலைக்கழகத்தில் இருந்தாலும் ஆன்மா அந்த ஆலயத்தில்தான் இருக்கிறது என்று அவரே சொல்லியிருக்கிறார்.

1899 மே மாதம் வேலை தொடங்கியது. பாஸ்டனின் டிரினிட்டி தேவாலயத்தை மனத்தில் வைத்துச் சார்ல்ஸ் கூலிட்ஜ் போட்ட வடிவத்தை, சான் பிரான்சிஸ்கோவின் கிளிண்டன் டே திருத்தி அமைத்தார். மஞ்சள் சாயல் கொண்ட மணற்கல் சுவர், சிவப்பு ஓடு, நடுவே ஓங்கிய கூர்கோபுரம். சாளரங்களுக்கு வண்ணக் கண்ணாடி வேலை செய்தவர் நியூயார்க்கின் ஃபிரெடரிக் லாம்ப்.

ஆலயத்தின் உயிர் அதன் மொசைக் சித்திரங்களில் இருக்கிறது. ஜேன் அம்மையார் வெனிஸுக்குப் போய் சால்வியாட்டி பட்டறையிடம் அந்த வேலையை ஒப்படைத்தார். ஓவியர் அன்டோனியோ பாவொலெட்டி முதலில் நீர்வண்ணத்தில் படம் எழுதித் தருவார். அதைப் பார்த்துப் பட்டறைக்காரர்கள் நகக்கண் அளவுள்ள கண்ணாடித் துண்டுகளைத் தேர்ந்து, படத்தைக் கவிழ்த்துப் போட்டதுபோல் காகிதத்தின்மேல் தலைகீழாக ஒட்டிக்கொண்டே போவார்கள். பொன்னிறம் வேண்டிய இடத்தில், இரண்டு கண்ணாடிப் படலங்களுக்கு நடுவே தங்க ரேக்கு வைத்து உருக்கிய துண்டு. ஒட்டி முடித்த காகிதங்கள் பெட்டிகளில் அடுக்கப்பட்டுக் கப்பலேறிக் கலிபோர்னியா வந்து சேரும். அங்கே ஈரச் சாந்து பூசிய சுவரில் அவற்றை அழுத்திப் பதித்து, சாந்து இறுகியதும் காகிதத்தை நனைத்து உரித்தால் படம் முகம் காட்டும். இதற்காக ஏறத்தாழ 20,000 வண்ணச் சாயல்களில் கண்ணாடி தயாரானது என்று கணக்குச் சொல்கிறார்கள்.

முகப்பில் உள்ள பெரிய சித்திரத்தின் அகலம் 84 அடி, உயரம் 30 அடி. பார்ப்பவர்களில் பலர் இயேசுவின் மலைப்பிரசங்கம் என்றே அதைக் கொள்கிறார்கள். உண்மையில் அது நீதிமான்களை இறையரசுக்கு அவர் வரவேற்கும் காட்சி. உள்ளே பீடத்துக்குப் பின்னால் கடைசி இராவுணவு. வத்திக்கானின் சிஸ்டைன் ஆலயத்தில் கோசிமோ ரோசெல்லி வரைந்த சுவரோவியத்தின் மறுபடி. அதைப் படியெடுக்கத் திருத்தந்தை 13ஆம் லியோ அனுமதி தந்தார். நடுக்கூடச் சித்திரங்களில் வேதாகமத்தின் ஆண்களோடு பெண்களும் நன்றாக இடம்பெற வேண்டும் என்று ஜேன் அம்மையார் கண்டிப்பாகச் சொன்னார். அதே அம்மையார்தான் 1899-ல் பல்கலைக்கழகத்தில் பெண்கள் 500 பேருக்கு மேல் சேரக்கூடாது என்று வரம்பு கட்டினார். மகன் பெயரில் எழுந்த நிறுவனம் பெண்கள் கல்லூரி ஆகிவிடுமோ என்ற பயம் அவருக்கு. சுவரில் தாராளமாகக் கொடுத்த இடத்தை வகுப்பறையில் அவர் கொடுக்கவில்லை.

சுவர்களில் ஆங்காங்கே அவர் தேர்ந்தெடுத்த வாசகங்கள் கல்லில் செதுக்கப்பட்டுள்ளன. ஆன்மாவின் அழியாமை, துன்பத்தைத் தாங்கும் பொறுமை, இறைவனிடம் நம்பிக்கை ஆகியவையே அவற்றின் பொருள். ஆன்மிகப் பார்வை குறுகிப்போவதைவிடப் பெரிய கேடு மனிதருக்கு இல்லை என்கிறது ஒரு வாசகம். பல்கலைக்கழகச் சாசனத்திலும் இதே போக்கு: எந்தக் கிறிஸ்தவப் பிரிவின் கோட்பாடும் போதிக்கப்படக்கூடாது, ஆனால் ஆன்மா அழியாது என்பதும், பேரறிவும் பேரருளும் உடைய படைப்பாளர் ஒருவர் உண்டு என்பதும், அவர் விதிக்கு அடங்கி நடப்பதே மனிதரின் தலையாய கடமை என்பதும் கற்பிக்கப்பட வேண்டும். கடவுள் உண்டு, பிரிவு இல்லை. அந்தக் காலத்து அமெரிக்கக் கல்லூரிகள் பலவும் ஏதேனும் ஒரு திருச்சபையின் பிள்ளையாகவே பிறந்தவை. அவற்றுக்கு நடுவே இது துணிச்சலான ஏற்பாடு.

1903 ஜனவரி 25 அன்று ஆலயம் அர்ப்பணிக்கப்பட்டது. இரண்டே ஆண்டுகளில், 1905 பிப்ரவரி 28 அன்று, ஜேன் அம்மையார் ஹொனலுலுவில் இறந்தார். ஸ்ட்ரிக்னின் விஷத்தால் நேர்ந்த சாவு என்பது அங்கு நடந்த மரண விசாரணையின் முடிவு. பல்கலைக்கழகத் தலைவர் டேவிட் ஸ்டார் ஜோர்டன் அதை மறுத்தார். கொடுத்தவர் யார் என்பது துலங்கவே இல்லை. அவர் கட்டிய ஆலயத்திலேயே அவருக்கு இறுதி ஆராதனை நடந்தது. ஆனால் தந்தை, தாய், மகன் மூவரின் உடலும் ஆலயத்தில் இல்லை; பல்கலைக்கழகத் தோப்பில் தனியாக உள்ள கல்லறை மண்டபத்தில் இருக்கின்றன.

அடுத்து வந்ததை அவர் பார்க்கவில்லை. 1906 ஏப்ரல் 18, அதிகாலை 5.12. சான் பிரான்சிஸ்கோவைச் சாய்த்த நிலநடுக்கத்தில் கூர்கோபுரம் இடிந்து கூரையைப் பிளந்துகொண்டு உள்ளே விழுந்தது. முகப்புச் சுவர் மொசைக்கோடு வெளியே சரிந்தது. நடுக்கூடமும் சிறகுகளும் சந்திக்கும் மையப்பகுதியை மட்டும் விட்டுவிட்டு, மற்றதைக் கல் கல்லாகப் பிரித்தார்கள். ஒவ்வொரு கல்லுக்கும் எண் எழுதி வைத்து, அதே கற்களைக் கொண்டு திரும்பக் கட்டினார்கள். சால்வியாட்டி பட்டறை பழைய வரைபடங்களைப் பத்திரமாக வைத்திருந்ததால் சித்திரங்களும் மீண்டும் உருவாயின. 1913-ல் ஆலயம் திறந்தது. மொசைக் வேலை முடிய 1917 ஆயிற்று. கூர்கோபுரம் மட்டும் திரும்ப எழவில்லை. அதில் இருந்த கடிகாரமும் மணிகளும் பிழைத்து, ஆலயத்தின் பின்புறம் ஒரு மரக்கூட்டில் நெடுங்காலம் இருந்தன. 1983-ல்தான் அவற்றுக்கென்று தனிக் கோபுரம் எழுந்தது.

வழிபாட்டு வாழ்க்கையும் ஒரே சீராகப் போகவில்லை. 1936 வரை போதகராக இருந்தவர் டேவிட் சார்ல்ஸ் கார்ட்னர். அவருக்குப் பின் 1945 வரை எல்ட்டன் டிரூபிளட். இவர் சடங்கைவிட மௌனத்துக்கு மதிப்புக் கொடுக்கும் குவேக்கர் மரபில் வந்தவர். பிரிவில்லாத ஆலயத்துக்குப் பொருத்தமான ஆள். ஆனால் பிரிவு கூடாது என்ற விதிக்கு எதிர்பாராத ஒரு விளைவும் இருந்தது. எல்லாருக்கும் பொதுவான ஆராதனை என்று நடந்தது ஏறக்குறைய புராட்டஸ்டன்ட் சாயல் கொண்டதாகவே இருந்தது. கத்தோலிக்கரும் யூதரும் தங்கள் முறைப்படி வழிபட வளாகத்துக்கு வெளியே போக வேண்டியிருந்தது. ஒருவரையும் விலக்காமல் இருக்க எழுதிய விதி பலரை வெளியே நிறுத்திவிட்டது. 1960களில்தான் இந்தத் தடை நீங்கித் திருப்பலியும் பிற வழிபாடுகளும் வளாகத்துக்குள் வந்தன. எழுத்தைத் திருத்திய பிறகே விதியின் நோக்கம் நிறைவேறியது என்று சொல்வதில் தவறில்லை.

1984-ல் புதிய ஆர்கன் ஒன்று வந்தது. வடிவமைத்த சார்ல்ஸ் ஃபிஸ்க் அது முழுமை பெறுமுன் இறந்துவிட்டார். ஒரு நெம்புகோலை மாற்றினால் பழைய சுருதி முறையிலிருந்து பிற்காலச் சுருதி முறைக்கு அது மாறிக்கொள்ளும். 1989 அக்டோபர் 17 அன்று மறுபடி நிலநடுக்கம். மையப்பகுதியில் உள்ள நான்கு அதிதூதர் உருவங்களில் ஒன்றின் இறக்கையிலிருந்து ஒரு பகுதி பெயர்ந்து தரையில் விழுந்தது. வளைவுகளைப் பலப்படுத்தி 1992-ல் திறக்கும்வரை கதவு மூடியே இருந்தது.

1996-ல் யூத மதகுரு ஒருவர் சமய வாழ்வுத் துறையின் துணைத் தலைவர்களில் ஒருவரானார். 2010-ல் தலாய் லாமா இங்கே பேசினார். 2011 அக்டோபர் 16 அன்று ஸ்டீவ் ஜாப்ஸின் நினைவுக் கூட்டம் இங்கேதான் நடந்தது. கல்யாணங்களுக்கும் குறைவில்லை. 2014-ல் வளாகத்தில் விண்ட்ஹோவர் என்ற தியான மண்டபம் திறக்கப்பட்டது. ஓவியர் நேதன் ஒலிவேராவின் பெரிய ஓவியங்கள் மாட்டிய அந்த இடத்தில் எந்தச் சமயத்தின் சின்னமும் இல்லை. அது வந்ததால் ஆலயம் வெறிச்சோடிவிடவில்லை. பொது ஆராதனையும் இசை நிகழ்ச்சிகளும் மெம்சூவில் தொடர்ந்து நடக்கின்றன.