நேற்றைய மீன்

மீன் டாக்கோ என்றால் என்செனாடாக்காரர்கள் ஒன்றைத்தான் ஒப்புக்கொள்வார்கள். மீனை மாவில் முக்கி, கண்ணெதிரே எண்ணெயில் போட்டு, எடுத்த சூட்டோடு சோள டார்ட்டியாவில் வைத்து நீட்ட வேண்டும். மெக்சிகோவின் பாஹா கலிஃபோர்னியாவில், அமெரிக்க எல்லைக்குத் தெற்கே சுமார் 100 கிலோமீட்டரில், பசிபிக் கரையில் இருக்கும் துறைமுக ஊர் அது. மீன் சந்தையை ஒட்டிய கடைகளில் நின்றுகொண்டேதான் சாப்பிட வேண்டும். முட்டைக்கோஸ், வெள்ளைச் சாஸ், சல்சா எல்லாம் நாமே போட்டுக்கொள்வது. வளைகுடாப் பக்கத்துச் சான் ஃபெலிப்பேக்காரர்களைக் கேட்டால் மீன் டாக்கோவின் பெருமை தங்களுக்கே என்பார்கள். 1983-ல் சான் டியேகோவில் மிஷன் பே பக்கம் மீன் டாக்கோ கடை போட்ட ரால்ஃப் ரூபியோ அதை ருசி கண்டது சான் ஃபெலிப்பேயில்தான். எப்படியானாலும் இரண்டு ஊர்க்காரர்களுக்கும் ஒரு விஷயத்தில் சண்டையே கிடையாது: மீன் அன்றைக்குப் பிடித்ததாக இருக்க வேண்டும்.

சான் டியேகோவில் என் வீட்டில் நான் செய்வது நேற்று மிஞ்சிய மீனில்.

காட், ராக்ஃபிஷ், திலாப்பியா, எந்த வெள்ளை மீனும் ஆகும். ராத்திரி உப்பும் மிளகும் தடவிச் சுட்டதில் மிஞ்சியதை டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்துவிடுவேன். மறுநாள் அதைப் பெரிய துண்டுகளாக உதிர்த்து, இரும்புக் கல்லில் கொஞ்சம் எண்ணெய் விட்டு, மிளகாய்த்தூளும் சீரகத்தூளும் தூவிப் பரப்புவேன். கிளறக் கூடாது, கிளறினால் புட்டாகிவிடும். ஒரு பக்கம் முறுகி, உள்ளே நன்றாகச் சூடேறியதும் எடுத்துவிட வேண்டும். ஏற்கெனவே வெந்த மீன், அதற்கு மேல் நின்றால் வறண்டு போகும். முட்டைக்கோஸை மெல்லிசாக அரிந்து, உப்பும் எலுமிச்சையும் சேர்த்துப் பிசறி வைப்பேன். மயோனைஸில் பாதிக்குப் பாதி தயிர். டார்ட்டியாவை வெறும் கல்லில் இரண்டு பக்கமும் காட்டித் துணியில் சுற்றி வைத்தால் வளையும், இல்லாவிட்டால் மடிக்கும்போதே வெடிக்கும். வேலைநாள் சாயங்காலத்துக்கு இதைவிடச் சுலபமான சமையல் எனக்குத் தெரியாது.

அத்தை தூத்துக்குடியிலிருந்து வந்து எங்களோடு தங்கியிருந்தபோது ஒருநாள் இதைச் செய்தேன். தட்டை மேசை நடுவில் வைத்து, ஆளுக்கொன்று எடுத்துச் சாப்பிட ஆரம்பித்திருந்தோம். "பாட்டி, இது நேத்து மீன்தான், தெரியுமா?" என்று சின்னவள் பெருமையாகச் சொன்னாள். அத்தை தன் கையிலிருந்ததைக் கீழே வைக்கவில்லை. இடது கையால் நடுத்தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "இத நான் தின்னுக்கிடுதேன். பிள்ளைகளுக்கு முட்டையப் பொரிச்சிக் குடும்மா." பிள்ளைகள் கத்தினார்கள், என் கணவர் சிரித்தார், தட்டு திரும்ப நடுவுக்கு வந்தது.

அவ்வளவுதான் நடந்தது. அதற்குப் பிறகு எவ்வளவோ பேசினோம், எங்கெல்லாமோ போனோம். அத்தை ஊர் திரும்பி வெகுநாளாகியும் அந்தத் தட்டு மேசையில் நகர்ந்த ஒரு சாண் தூரம் மட்டும் என்னை விட்டபாடில்லை.

முதலில் அதைக் குத்தல் என்றுதான் எடுத்துக்கொண்டேன். மாமியார் இருமினாலும் அதில் ஓர் அர்த்தம் தேடுவது மருமகள்களின் பழக்கம். பிள்ளைகளுக்குப் பழசைப் போடுகிறாள் என்று சொல்லாமல் சொல்கிறார் என நினைத்தேன். அந்த எண்ணம் ராத்திரி வரை தாங்கவில்லை. குத்தல் என்றால் தட்டைத் தள்ளியிருப்பார். இவர் இழுத்துக்கொண்டாரே. முகத்தில் சுளிப்பு இல்லை, வலது கையில் பாதி டாக்கோ அப்படியே இருந்தது. கெட்டது என்று நினைத்திருந்தால் தான் ஏன் தின்ன வேண்டும்? அப்படி நினைத்ததால்தான் தின்ன முன்வந்தாரோ?

என் அம்மா வீட்டில் இந்தக் கேள்விக்கு இடமே இருந்ததில்லை. மன்னார்குடிப் பக்கம் உள்ளடங்கிய ஊர் எங்களுடையது. கடல் மீன் சைக்கிளில் ஐஸ் பெட்டியோடு வரும், வராமலும் போகும். பொரித்ததில் இரண்டு துண்டு மிஞ்சினால் பூனைக்குத் தப்பி உறியில் தொங்கும். காலையில் அம்மா அதை எடுத்து மோந்து பார்ப்பாள். ஓர் ஓரத்தைக் கிள்ளி வாயில் போட்டுக்கொண்டு, அடுப்படியில் எங்கோ பார்த்தபடி கொஞ்ச நேரம் நிற்பாள். ருசிக்கிற முகம் இல்லை அது. காதில் விழாத எதையோ கேட்கிற முகம். பிறகு பழைய சோற்றுக்கு அதை அவளே தொட்டுக்கொள்வாள். எங்களுக்கு வராது. நாங்கள் கேட்டதும் இல்லை.

மீன் குழம்பு மட்டும் வேறு சாதி. முதல் நாளைவிட மறுநாள் குழம்புக்குத்தான் எங்களுக்குள் அடிதடி. மண்சட்டியில் ராத்திரி ஒருமுறை, விடிந்ததும் ஒருமுறை கொதிக்கவிட்டு, யாராவது ஈரக் கரண்டி போட்டால் அவர்கள் குலத்தையே இழுத்துத் திட்டி, அம்மா அதைக் காப்பாற்றி வைத்திருப்பாள். அந்தக் குழம்பில் நல்ல துண்டு பிள்ளைகளுக்கு, தலை அப்பாவுக்கு, வழித்த சட்டியில் பிசைந்த சோறு அவளுக்கு. ஆக, பழசு என்பதற்காக எதுவும் ஒதுக்கப்படவில்லை. புளி ஏறியது எங்களுக்கு, ஏறாதது அவளுக்கு. இப்போது யோசித்தால் அது மூடப்பழக்கமே இல்லை. புளியின் அமிலத்தில் கிருமிகள் எளிதில் பெருகாது, இரண்டு வேளைக் கொதியும் சேர்ந்துகொள்கிறது. கடல் மீன் பழசாகும்போது எழும் கவிச்சிக்குக் காரணமான டிரைமெத்தில் அமைன் என்ற சேர்மத்தையும் அமிலம் கட்டிப்போட்டு, ஆவியாகி மூக்குக்கு வராமல் செய்துவிடும். என்செனாடாவில் எலுமிச்சை பிழிவதும் எங்கள் ஊரில் புளி கரைப்பதும் அந்த வகையில் ஒரே வேலை. பொரித்த மீனுக்கு அந்தக் காவல் கிடையாது. வீட்டில் யாராவது ஒருவர் முதலில் தின்று பார்த்தாக வேண்டும். அந்த ஒருவர் அம்மாவாகவே இருந்தாள்.

நான் எட்டாவது படிக்கும்போது எங்கள் வீட்டுக்கு ஃபிரிட்ஜ் வந்தது. உறி போயிற்று. கிள்ளி வாயில் போட்டுக்கொண்டு நிற்பது மட்டும் போகவில்லை.

அன்றைக்கு டார்ட்டியாவை ஒரு கடி கடித்ததும் அத்தை சொன்னது, "சுண்ணாம்பு வாசம் வருதே." வெற்றிலை போடுகிறவர், அவருக்குத் தெரியாமல் இருக்குமா! பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தால் மக்காச்சோளம், தண்ணீர், சுண்ணாம்பு என்றே போட்டிருந்தது. கல்லூரியில் படித்த ஏதோ ஒரு சத்துணவுப் புத்தகம் அப்போது ஞாபகத்துக்கு வந்தது. பெயர் மறந்துவிட்டது, அதன் பழுப்பு அட்டை நினைவிருக்கிறது. மெக்சிகோவில் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகச் சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவிட்டு, ஊறவைத்து, கழுவித்தான் அரைக்கிறார்கள். அப்போதுதான் மாவு ஒட்டும், தானியத்தில் பூட்டிக்கிடக்கும் நயாசின் சத்தும் உடம்பில் சேரும். ஐரோப்பாவுக்குச் சோளம் போய்ச் சேர்ந்தது, சுண்ணாம்பு கூடப் போகவில்லை. சோளத்தை மட்டுமே நம்பியிருந்த ஏழைகளுக்குத் தோல் வெடித்து, வயிறு கெட்டு, புத்தி பேதலித்தது. 1735-ல் ஸ்பெயினின் அஸ்டூரியாஸ் பகுதிக் குடியானவர்களிடம் இந்த நோயைக் கண்டு குறித்துவைத்தவர் காஸ்பர் காசால் என்ற மருத்துவர். பெலாக்ரா என்ற பெயர் பின்னால் வந்தது.

அந்தப் புத்தகத்தில் என்னைப் பிடித்துக்கொண்டவர் ஜோசப் கோல்ட்பெர்கர். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் பெலாக்ரா ஆயிரக்கணக்கானவர்களைக் கொன்றுகொண்டிருந்தபோது, 1914-ல் அதை ஆராய அரசு அவரை அனுப்பியது. தொற்றுநோய் என்றே பலரும் நம்பினார்கள். இவர் சாப்பாட்டுக் குறை என்றார். யாரும் கேட்கவில்லை. 1916-ல் நோயாளிகளின் ரத்தத்தைத் தன் உடம்பில் ஊசியாக ஏற்றிக்கொண்டார், அவர்களுடைய தோல் செதில்களையும் கழிவையும் மாத்திரையாக உருட்டி விழுங்கினார். ரத்த ஊசியை அவருடைய மனைவியும் போட்டுக்கொண்டார். யாருக்கும் நோய் வரவில்லை. காரணம் நயாசின் குறைதான் என்பது 1937-ல், அவர் இறந்து எட்டு ஆண்டுகள் கழித்து, தெளிவாயிற்று. அவர் செய்ததை வரலாறு துணிச்சல் என்று எழுதிவைத்திருக்கிறது. அம்மா கிள்ளி வாயில் போட்டுக்கொண்டதற்கு அப்படி ஒரு பெயரை யாரும் தேடவில்லை. சரி, இரண்டையும் ஒரே தராசில் வைப்பது அதிகப்படி என்று எனக்கே தெரிகிறது.

சோளம் சுண்ணாம்பை விட்டுவிட்டுக் கடல் தாண்டியது. எங்கள் வீட்டில் நடந்தது அதற்குத் தலைகீழ் என்று கொஞ்சகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆபத்து ஊரோடு நின்றுவிட்டது, காவல் மட்டும் விமானம் ஏறி வந்துவிட்டது. 4 டிகிரி செல்சியஸில் மூடிவைத்த வெந்த மீன் மூன்று நான்கு நாள் தாங்கும் என்று அமெரிக்க வேளாண்துறையே சொல்கிறது. அத்தை கையை நீட்ட வேண்டிய அவசியமே இல்லை. இந்த விளக்கம் எனக்கு வசதியாகவும் இருந்தது. மாமியாரிடம் கோபம் இல்லை, அம்மாவுக்கும் ஒரு நியாயம் கிடைத்தது.

ஒருநாள் பாத்திரம் கழுவிக்கொண்டே இதையெல்லாம் கணவரிடம் சொன்னபோது அவர் கேட்டார்: "அம்மாவுக்கு அது பிடிச்சிருந்திருக்கலாம் இல்லையா?"

எனக்குச் சுருக்கென்றது. குத்தலா, தியாகமா, காவலா என்று அத்தனையும் யோசித்தவளுக்கு, எழுபது வயதுப் பெண்மணி ஒருத்திக்கு ஒரு பண்டம் பிடித்துப்போய், தட்டோடு வேண்டும் என்று தோன்றியிருக்கலாம் என்பது தோன்றவே இல்லை. இடது கையை அதற்குப் பிறகு வேறு மாதிரி பார்க்கிறேன். பேரப்பிள்ளைகளிடமிருந்து பிடுங்கித் தின்ன நம் ஊர்ப் பாட்டிக்கு வேறு வழி ஏது? பழசு, பிள்ளைகளுக்கு வேண்டாம் என்றால் யாரும் குறை சொல்ல முடியாது. அப்படியென்றால் அம்மாவும்? உறியிலிருந்த அந்த இரண்டு துண்டு? இல்லை, அந்த முகம் ருசிக்கிற முகம் இல்லை. இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

போன மாதம் போனில் பேசும்போது அத்தையே ஆரம்பித்தார். அந்த ரொட்டியை ஊரில் செய்து பார்த்தாராம். கடையில் மக்காச்சோள மாவு வாங்கி, வெந்நீர் விட்டுப் பிசைந்து தட்டினால் ஒட்டவே இல்லையாம், கல்லில் போட்டதும் பொலபொலவென்று உதிர்ந்துவிட்டதாம். அது சுண்ணாம்பில் வேகவைத்த மாவாக இருக்க வேண்டும் அத்தை என்று விளக்கினேன். கேட்டுக்கொண்டார். "மீனு நேத்து வாங்குனது. ஊளி. அத அப்படியே தின்னுட்டேன்" என்றார்.

அத்தை இப்போது தனியாகத்தான் இருக்கிறார். நேற்று மீனானாலும் இன்று மீனானாலும் அவர்தான் தின்ன வேண்டும். ஆசைப்பட்டு மாவு வாங்கினாரா, மீன் மிஞ்சிவிட்டதே என்று வாங்கினாரா? "நல்லா இருந்துச்சா அத்தை?" என்று கேட்டேன்.

"வீணாப் போகல" என்றார்.

இதை எந்தக் கணக்கில் எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. அவரையே கேட்கலாம்தான். அவருக்கும் பிரித்துச் சொல்லத் தெரியுமா என்பது சந்தேகம்.