களவங்கோடத்துக் கண்ணாடி

1927-ஆம் ஆண்டு. கேரளத்தில் சேர்த்தலையை அடுத்த களவங்கோடத்துக் கோவிலில் சிலை நிறுவ நாராயண குரு அழைக்கப்பட்டிருந்தார். வந்த இடத்தில் வாக்குவாதம். சிலை வேண்டும் என்றனர் சிலர். அது மூடத்தனம் என்றனர் இளைஞர். குரு ஒரு கண்ணாடியைக் கொண்டுவரச் செய்து, அதனையே கருவறையில் நிறுவினார்.

இதனை வெறும் சமரசம் என்று நெடுநாள் எண்ணியிருந்தேன். இன்று அவ்வாறு எண்ணவில்லை. குரு அத்வைதி, ஆன்மாவும் பரம்பொருளும் இரண்டல்ல என்பது அவர் கொள்கை. நூற்றாண்டுக் கணக்கில் பலரும் ஓதிய கொள்கைதான் அது. ஓதிய வாயே தீண்டாமையையும் காத்துவந்தது. எல்லாம் ஒன்றெனில், எட்டி நிற்க வேண்டியவர் யார்? ஈழவர் குலத்தில் பிறந்த குரு, 1888-இல் நெய்யாற்றிலிருந்து எடுத்த கல்லை அருவிப்புறத்தில் சிவனாக நிறுவியபோது கேட்டது இந்தக் கேள்வியைத்தான். உயிர்ப்பலியை நிறுத்தச் சொன்னார். சிறுமியர்க்குப் பெருஞ்செலவில் நடந்த போலித் தாலிகட்டுச் சடங்கையும் கைவிடச் செய்தார். அவருடைய மூடநம்பிக்கை எதிர்ப்பு வேதாந்தத்துக்கு வெளியிலிருந்து வந்ததன்று.

சீடர் சகோதரன் ஐயப்பன் இன்னும் ஒருபடி மேலே போனார். 1917-இல் செறாயியில் புலையரோடு சமபந்தி உணவு நடத்தினார். மனிதனுக்குச் சாதி, மதம், கடவுள் ஒவ்வொன்றே என்ற குருவின் வாசகத்தை, மூன்றுமே வேண்டாம் என மாற்றினார். குரு அவரைத் தள்ளிவிடவில்லை. நம்மிடையே இது நடந்திருக்குமா என்று எண்ணிப் பார்க்கிறேன்.

படைத்தவரும் படைப்பும் ஒன்றென நம் விசுவாசம் கொள்வதில்லை. அங்கே குருவின் வழி வேறு, என் வழி வேறு. ஆயினும் அந்தக் கண்ணாடி என்னை விடுவதாயில்லை.

ஒருமுறை என் பங்கில் ஒரு தாய், குழந்தைக்கு மூன்று நாளாய்க் காய்ச்சல் அடித்தும் மருத்துவமனைக்குப் போகாமல், நான் கொடுத்த எண்ணெயைப் பூசிக்கொண்டிருந்தாள். "சாமி மந்திரிச்ச எண்ணெய்தானே!" என்றாள். "மந்திரிக்கவில்லை அம்மா, மன்றாடினேன்" என்றேன். வேறுபாடு அவளுக்கு விளங்கவில்லை. எப்படி விளங்கும்? ஒரு மறையுரையிலும் நான் அதைச் சொன்னதில்லை. 'மந்திரித்தல்' என்ற சொல்லை அவளுக்குக் கற்றுத் தந்தவர்களும் நாமே.

உடனே மருத்துவமனைக்கு அனுப்பினேன், குழந்தை பிழைத்தது. எண்ணெய்க் குப்பியைப் பிடுங்க எனக்கு மனம் வரவில்லை. அவள் துன்பத்தில் பற்றிக்கொள்ள வேறென்ன கொடுத்திருந்தேன்? பேசாமல் விட்டுவிடவும் முடியவில்லை.

அடுத்த வாரம் எண்ணெய் வாங்க வந்தோர் வரிசையில் அவளும் நின்றாள். இம்முறை கொடுக்குமுன் சிறிது பேசினேன். பலர் பொறுமையிழந்தனர்.